கிராம சபையில் பெண்கள் ஒரு கோரிக்கையைத் தீர்மானமாக நிறைவேற்றுவது எப்படி: முழுமையான வழிகாட்டி

கிராம சபையில் நன்றாகப் பேசிவிட்டு வெறுங்கையோடு திரும்பும் பெண்களை நிறையப் பார்த்திருக்கிறேன். பேச்சில் குறை இருக்காது. மைக்கைப் பிடித்து, தெருவில் விளக்கு எரியாததை ஊரே கேட்கும்படி சொல்லியிருப்பார்கள். தலைவரும் "பண்ணிடலாம்மா" என்றிருப்பார். மூன்று மாதம் கழித்துத் தீர்மானப் புத்தகத்தைப் புரட்டினால் அந்தப் பேச்சின் சுவடே இருக்காது. புத்தகத்தில் ஏறாத கோரிக்கைக்கு எந்த அலுவலகத்திலும் மதிப்பில்லை.

இது தமிழ்நாட்டுக் கிராம ஊராட்சிகளுக்கான வழிகாட்டி. சுயஉதவிக் குழுவில் இருக்கிற பெண்களை மனதில் வைத்து எழுதுகிறேன். குழு இல்லாதவர்களுக்கும் படிகள் இவைதான். வரிசையை மட்டும் மாற்றாதீர்கள். பெரும்பாலானோர் 7ஆவது படியில், அதாவது கூட்ட நாளில், தொடங்கி அங்கேயே முடித்துவிடுகிறார்கள். விளங்குவதற்காகத் தெருவிளக்கு என்ற ஒரே கோரிக்கையைக் கடைசிவரை எடுத்துக்காட்டாகக் கொண்டுபோகிறேன்.

1. வாக்காளர் பட்டியலில் உங்கள் பெயர் எந்த ஊரில் இருக்கிறது?

அந்த ஊராட்சியின் வாக்காளர் பட்டியலில் பெயர் உள்ள ஒவ்வொருவரும் கிராம சபையின் உறுப்பினர். வேறு தகுதி எதுவும் வேண்டாம்.

ஆனால் கல்யாணமாகி வந்த பெண்கள் பலருக்கு ஓட்டு இன்னும் அம்மா வீட்டு ஊரில்தான் இருக்கும். குழந்தை பிறந்து பள்ளிக்கூடமே போய்க்கொண்டிருக்கும். ஓட்டை மட்டும் மாற்றியிருக்க மாட்டார்கள். கூட்டத்தில் கொஞ்சம் காரமாகப் பேசியதும் "இந்தம்மாவுக்கு இந்த ஊர்ல ஓட்டே இல்லையே" என்று யாராவது கிளப்புவார். அதோடு பேச்சு திசைமாறிவிடும்.

முகவரி மாற்றத்துக்குப் படிவம் 8, புதிதாகச் சேர்க்கப் படிவம் 6. உங்கள் வாக்குச்சாவடியின் பி.எல்.ஓ. (வாக்குச்சாவடி நிலை அலுவலர்) யார் என்று அங்கன்வாடியிலோ பள்ளியிலோ கேட்டால் சொல்வார்கள். இதற்கு நாளாகும் என்பதால்தான் முதல் படியாக வைத்திருக்கிறேன். முன்மொழிபவர், வழிமொழிபவர் இருவருக்காவது உள்ளூரில் ஓட்டு இருந்தே ஆக வேண்டும்.

2. தேதியிலிருந்து பின்னோக்கி எண்ணுங்கள்

முன்பு ஆண்டுக்கு நான்கு கிராம சபைகள்: ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2. 2022 முதல் மார்ச் 22, உலகத் தண்ணீர் நாளும், நவம்பர் 1, உள்ளாட்சி நாளும் சேர்ந்து ஆறு ஆகின.

குறிவைத்த தேதிக்கு ஆறு வாரம் முன்பே வேலையைத் தொடங்குங்கள். முதல் மூன்று வாரம் தகவல் சேர்க்க, அடுத்த வாரம் மனு கொடுக்க, மிச்சம் ஆள் சேர்க்க. கூட்ட அறிவிப்பு ஏழு நாள் முன்னால்தான் வரும். அதைப் பார்த்த பிறகு கிளம்பினால் கையெழுத்து வாங்கக்கூட நேரம் போதாது.

கூட்டம் எங்கே என்பதையும் அறிவிப்பில் பாருங்கள். ஒரே இடத்தில் நடத்தாமல் ஊராட்சியின் குக்கிராமங்களுக்குச் சுழற்சி முறையில் மாற்றி நடத்த வேண்டும். மத வழிபாட்டுத் தலங்களில் நடத்தக் கூடாது. இது சின்ன விஷயம் என்று விடாதீர்கள். கோயில் வாசலில் கூட்டம் போட்டால் காலனிப் பெண்கள் பாதிப் பேர் வர மாட்டார்கள், வந்தாலும் ஓரமாக நிற்பார்கள். எத்தனை முறை கூட்டம் உங்கள் பக்கம் நடந்திருக்கிறது என்று ஊராட்சிச் செயலரிடம் கேளுங்கள். ஒருமுறைகூட இல்லையென்றால், இடத்தை மாற்றச் சொல்லி எழுதிக் கொடுப்பதே உங்கள் முதல் மனுவாக இருக்கலாம்.

3. ஒரே கோரிக்கை, அதற்கு அதிகாரம் யார் கையில்?

தண்ணீர், விளக்கு, சாக்கடை, ரேஷன், பட்டா, டாஸ்மாக் என்று எல்லாவற்றையும் ஒரே மனுவில் கொட்டுவது முதல்முறை வருகிறவர்கள் எல்லோரும் செய்வது. அந்த மனு "பல்வேறு கோரிக்கைகள் பெறப்பட்டன" என்ற ஒரு வரியாகச் சுருங்கிவிடும். ஒரு கூட்டத்துக்கு ஒன்று போதும்.

எதை எடுப்பது? தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 1994-இன் 110ஆவது பிரிவு ஊராட்சியின் கட்டாயக் கடமைகளைச் சொல்கிறது. தெருவிளக்கு, ஊராட்சிச் சாலை, வடிகால், தெருவைச் சுத்தமாக வைத்தல், சுடுகாடு இடுகாடு, குடிநீர் எல்லாம் அதில் வரும். இவற்றில் ஒன்று என்றால் ஊராட்சி "எங்களால் முடியாது" என்று சொல்ல இடமில்லை. முதல் கோரிக்கை இந்தப் பட்டியலிலிருந்து இருப்பது நல்லது. ஒருமுறை வென்று பார்த்த குழு அடுத்த முறை தானாகவே பெரிதாகக் கேட்கும்.

டாஸ்மாக் கடையை மூடும் அதிகாரம் ஊராட்சிக்கு இல்லை. அங்கே தீர்மானம் மாவட்ட ஆட்சியரை நோக்கிப் பேச வேண்டும். ஊரகப் பகுதியில் பள்ளியிலிருந்தும் வழிபாட்டுத் தலத்திலிருந்தும் 100 மீட்டருக்குள் கடை இருக்கக் கூடாது என்பது விதி. ஆகவே "எங்கள் குடும்பம் நாசமாகிறது" என்பதோடு நிறுத்தாமல் டேப் வைத்து அளந்த தூரத்தையும் எழுதுங்கள். பட்டா வட்டாட்சியருக்கு, ரேஷன் வட்ட வழங்கல் அலுவலருக்கு, பேருந்து போக்குவரத்துக் கழகத்துக்கு. யாருக்கு என்று தெரியாமல் போட்ட தீர்மானம் செயலரின் மேசையிலேயே தங்கிவிடும்.

4. தகவலைச் சேருங்கள்: கம்பத்தின் எண் வரைக்கும்

"எங்க தெருவுல லைட்டே இல்லீங்க" என்பது புலம்பலாகத்தான் காதில் விழும். "காலனித் தெருவில் 14 முதல் 19 வரையுள்ள ஆறு கம்பங்களில் விளக்கு இல்லை" என்றால் செயலர் பேனாவை எடுத்தே தீர வேண்டும்.

மின்கம்பங்களில் பெயின்டால் எண் எழுதியிருப்பார்கள். சாயங்காலம் நாலு பேர் சேர்ந்து நடந்துபோய் ஒவ்வொரு கம்பத்தையும் பார்த்து ஒரு நோட்டில் எழுதுங்கள். எண் எது, விளக்கு இருக்கிறதா, இருந்தால் எரிகிறதா, எப்போதிலிருந்து எரியவில்லை. எண் அழிந்திருந்தால் "ரேஷன் கடை எதிரே" என்று அடையாளம் எழுதலாம். இரண்டு கம்பத்துக்கு நடுவே இடைவெளி அதிகமாக இருந்து புதுக் கம்பமே வேண்டுமென்றால் அதைத் தனியாகக் குறியுங்கள். இருக்கிற கம்பத்தில் விளக்கு மாட்டுவது ஊராட்சி வேலை. புதுக் கம்பம் நட மின்வாரியத்துக்குப் பணம் கட்ட வேண்டும். இரண்டையும் ஒன்றாகக் கலந்தால் "மின்வாரியத்துக்கு எழுதியிருக்கோம்" என்ற பதிலில் சுலபமான வேலையும் சேர்ந்து தூங்கிவிடும்.

தண்ணீர் என்றாலும் இதே முறைதான். ஜல் ஜீவன் திட்டத்தில் ஆளுக்கு ஒரு நாளைக்கு 55 லிட்டர் என்பது கணக்கு. கடைசி வீட்டுக் குழாயில் ஒரு குடம் நிரம்ப எத்தனை நிமிடம் ஆகிறது, எத்தனை நாளுக்கு ஒருமுறை தண்ணீர் விடுகிறார்கள் என்று இரண்டு வாரம் எழுதிவாருங்கள். டேங்க் ஆபரேட்டர் என்ன சாக்குச் சொன்னாலும் அந்த நோட்டை அவரால் மறுக்க முடியாது.

5. மனுவைக் கூட்டத்துக்கு முன்பே கொடுங்கள்

கூட்டப் பொருள் பட்டியல் பெரும்பாலும் சென்னையிலிருந்து அச்சாகி வந்ததாக இருக்கும். ஊராட்சி வரவு செலவு, குடிநீர், சுகாதாரம், திட்டங்களின் பெயர்கள் என்று நீளும். உங்கள் விஷயம் கடைசியில் "இதர பொருட்கள்" என்பதில்தான் வரும். அது வருவதற்குள் வெயில் ஏறி ஜனம் கலைந்திருக்கும். மனுவை முன்கூட்டியே கொடுத்துப் பட்டியலில் தனிப் பொருளாகச் சேர்க்கச் சொல்வது இதற்காகத்தான்.

மனு ஒரு பக்கத்தைத் தாண்ட வேண்டாம். மேலே ஊராட்சித் தலைவருக்கு என்று முகவரி. "பொருள்" என்ற இடத்தில் ஒரே வரி. பிறகு நோட்டிலிருந்து எடுத்த விவரம், என்ன செய்ய வேண்டும், எந்தத் தேதிக்குள், கையெழுத்துகள். "வரும் அக்டோபர் 2 கிராம சபையில் இதைத் தனிப் பொருளாக வைத்துத் தீர்மானம் நிறைவேற்றக் கேட்டுக்கொள்கிறோம்" என்று கடைசி வரியில் கட்டாயம் எழுதுங்கள்.

2019 டிசம்பரில் ஊரக உள்ளாட்சித் தேர்தல் நடந்த மாவட்டங்களில் பதவிக்காலம் 2025 ஜனவரி 5-இல் முடிந்து தனி அலுவலர்கள் பொறுப்புக்கு வந்தார்கள். உங்கள் ஊரில் தலைவர் பதவி காலியாக இருந்தால் மனுவில் "தனி அலுவலர்" என்று போடுங்கள். வார்டு மெம்பரும் இல்லாத காலத்தில் ஊர்க்காரர்கள் வாய்திறக்கச் சட்டப்படி மிஞ்சியிருக்கிற இடம் கிராம சபை ஒன்றுதான். அதைச் சும்மா விடலாமா?

மனுவின் நகல் ஒன்றில் செயலரிடம் கையெழுத்து, தேதி, முத்திரை வாங்குங்கள். "குடுத்துட்டுப் போங்கம்மா, நான் பாத்துக்கிறேன்" என்பார். அங்கேயே நின்று சிரித்துக்கொண்டே கேளுங்கள், கொடுத்துவிடுவார். அப்படியும் மறுத்தால் அதே மனுவை ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள்.

இன்னொன்று. தலைவர் பெண்ணாக இருந்து, வேலையெல்லாம் அவர் வீட்டுக்காரர் பார்க்கிற ஊர்கள் உண்டு. உள்ளாட்சி இடங்களில் பெண்களுக்கான ஒதுக்கீட்டைத் தமிழ்நாடு 2016-இல் 50 சதவீதமாக உயர்த்தியது. நாற்காலி மட்டும் சில வீடுகளில் இன்னும் கைமாறவில்லை. மனுவைத் தலைவரம்மா கையிலேயே கொடுங்கள். வீட்டுக்காரர் கையில் கொடுத்தால் அவர் பதில் சொல்லும் பொறுப்பு இல்லாதவர், நாளைக்கு "என்கிட்ட யாரும் தரலையே" என்று தலைவரம்மா சொல்ல வேண்டிவரும். நேரில் கொடுக்கும்போது அவரோடு கொஞ்சம் பேசிப் பாருங்கள். சபையில் உங்கள் பக்கம் ஒரு வார்த்தை பேச அவருக்கே ஆசை இருக்கலாம்.

6. ஆள் சேருங்கள்: குறைவெண் உங்கள் கையில்

கிராம சபை செல்லுபடியாகக் குறைந்தபட்ச வருகை வேண்டும். அதைத்தான் குறைவெண் என்கிறார்கள். மக்கள்தொகை 500 வரை என்றால் 50 பேர், 501 முதல் 3,000 வரை 100 பேர், 3,001 முதல் 10,000 வரை 200 பேர், அதற்கு மேல் 300 பேர். இந்த எண்ணிக்கையை நிரப்புவது யார் என்று எந்தக் கூட்டத்தையும் திரும்பிப் பார்த்தால் தெரியும். நூறு நாள் வேலைக்காரப் பெண்கள், குழுப் பெண்கள். அதாவது உங்கள் கையெழுத்து இல்லாமல் அந்தக் கூட்டமே நடக்காது. இந்தக் கணக்கு நம்மைவிடச் செயலருக்கு நன்றாகத் தெரியும்.

ஆகவே கூட்டத்துக்கு முந்தைய குழுக் கூட்டத்தில் இரண்டு விஷயம் பேசி முடியுங்கள். ஒன்று, கோரிக்கை தீர்மானமாக எழுதப்படும் வரை யாரும் எழுந்து போவதில்லை. இரண்டு, கூட்டத்துக்கு முன்பே வீடு தேடி வரும் வெற்றுத் தாளில் யாரும் கையெழுத்துப் போடுவதில்லை. ஊக்குநர் அக்காவே கொண்டுவந்தாலும் சரி. மேலே தேதியும் "கிராம சபைக் கூட்டம்" என்ற தலைப்பும் எழுதியிருக்கிறதா என்று பார்த்துவிட்டு, கூட்டம் நடக்கும் இடத்தில் மட்டும் போடுங்கள்.

மூன்று பேருக்கு வேலையைப் பிரித்துக் கொடுங்கள்: பேச ஒருவர், அவர் சொன்னதை ஆமோதித்து எழ ஒருவர், செயலர் எழுதுவதைக் கவனிக்க ஒருவர். மூன்றாமவர் நன்றாகத் தமிழ் வாசிக்கத் தெரிந்தவராக, முடிந்தால் கல்லூரி போகிற பிள்ளையாக இருக்கட்டும். பேசுகிறவரை எல்லோரும் தேடித்தேடிப் பிடிப்பார்கள். உண்மையில் கவனமாகத் தேர்ந்தெடுக்க வேண்டியவர் இந்த மூன்றாமவர்தான்.

7. கூட்ட நாள்

சீக்கிரம் போய் மேசைக்குப் பக்கத்தில் உட்காருங்கள். நாற்காலிகளில் ஆண்களும் பின்னால் தார்ப்பாயில் பெண்களுமாக அமர்வதுதான் பல ஊர்களில் வழக்கம். பின்னால் உட்கார்ந்தால் மைக் உங்களிடம் வராது, புத்தகமும் கண்ணில் படாது.

பொருள் பட்டியல் வாசிக்கும்போதே உங்கள் மனு அதில் இருக்கிறதா என்று கேளுங்கள். இல்லையென்றால் ஒப்புகை வாங்கிய நகலைத் தூக்கிக் காட்டி, "இது எத்தனையாவது பொருளா வருதுங்க?" என்று அமைதியாகக் கேட்டால் போதும். வரவு செலவு வாசிக்கும்போது படிவம் 30-ஐக் கேட்டுப் பாருங்கள். ஊராட்சி எதற்கு எவ்வளவு செலவழித்தது என்ற சுருக்கம் அதில் இருக்கும். தெருவிளக்குக்கு எவ்வளவு போயிருக்கிறது என்று குறித்துக்கொண்டால் பேசும்போது உதவும்.

பேச்சு இரண்டு நிமிடம் போதும். பெயர், தெரு, கம்பங்களின் எண், வேண்டிய வேலை, தேதி. பழைய சண்டை எதையும் இழுக்க வேண்டாம். இழுத்தால் அதற்குப் பதில் சொல்லியே நேரத்தை ஓட்டிவிடுவார்கள்.

குறுக்கே பேச ஆள் இருப்பார். "உன் வீட்டுக்காரர் எங்கம்மா? அவரை வரச் சொல்லு" என்பார். அதற்கு நீண்ட பதில் தேவையில்லை. "எனக்கு இந்த ஊர்ல ஓட்டு இருக்குங்கண்ணே, நான் சபை உறுப்பினர். அவர் வேலைக்குப் போயிருக்கார்" என்று சொல்லிவிட்டு விட்ட இடத்திலிருந்து தொடருங்கள். இன்னும் ஆபத்தான பதில் அன்பாக வருவது: "அதெல்லாம் அப்புறம் பேசிக்கலாம்மா, கண்டிப்பா பண்ணித் தரேன்." இந்த இடத்தில் முக்கால்வாசிப் பேர் நன்றி சொல்லி உட்கார்ந்துவிடுகிறார்கள். உட்காராதீர்கள். "ரொம்ப நன்றிங்க, அதையே தீர்மானமா எழுதிடுங்க" என்று சொல்லுங்கள். இரண்டாமவர் உடனே எழுந்து வழிமொழிய வேண்டும்.

8. தீர்மானத்தின் வாசகத்தை நீங்களே எழுதிக்கொண்டு போங்கள்

எல்லாப் படிகளிலும் இதற்குத்தான் நான் அதிக நேரம் செலவழிக்கச் சொல்வேன். செயலர் அன்றைக்கு ஏகப்பட்ட பொருள்களை எழுத வேண்டும். சுருக்கமாக, யாருக்கும் சிக்கல் வராத மாதிரி எழுதுவது அவருக்கு வழக்கம். "தெருவிளக்கு குறித்து விவாதிக்கப்பட்டது. ஆவன செய்யப்படும்" என்று எழுதிவிடுவார். இதில் யார் செய்வது என்று இல்லை, எங்கே என்று இல்லை, எப்போது என்றும் இல்லை. அடுத்த கூட்டத்தில் இதை வைத்து ஒரு கேள்விகூடக் கேட்க முடியாது.

ஒரு தாளில் தெளிவாக எழுதிக்கொண்டுபோய் அவர் கையில் கொடுங்கள். அவருக்கும் வேலை மிச்சம். இப்படி இருக்கலாம்:

"காலனித் தெருவில் பேருந்து நிறுத்தம் முதல் அங்கன்வாடி வரையுள்ள 14 முதல் 19 வரையிலான ஆறு மின்கம்பங்களில் தெருவிளக்கு இல்லாததால், அவற்றில் எல்.இ.டி. விளக்குகளை ஊராட்சிப் பொது நிதியிலிருந்து அக்டோபர் 31-க்குள் பொருத்துவது என்றும், முடித்த விவரத்தை நவம்பர் 1 கிராம சபையில் வைப்பது என்றும் ஒருமனதாகத் தீர்மானிக்கப்பட்டது."

இதில் எதையும் விடாதீர்கள். இடமும் எண்ணிக்கையும் இல்லாவிட்டால் வேறு தெருவில் இரண்டு விளக்கு மாட்டிக் கணக்கு காட்டலாம். நிதி எதிலிருந்து என்று இல்லாவிட்டால் "நிதி இல்லை" என்பது சுலபமான பதில். தேதி இல்லாவிட்டால் தாமதம் என்ற பேச்சே எழாது. அடுத்த கூட்டத்தில் வைப்பது என்ற பகுதிதான் பின்னால் உங்களுக்குப் பிடி.

எழுதி முடித்ததும் சத்தமாக வாசிக்கச் சொல்லுங்கள். முன்மொழிந்தவர், வழிமொழிந்தவர் பெயர்களும் ஏற வேண்டும். மூன்றாமவர் பக்கத்தில் நின்று தீர்மான எண்ணைக் குறித்துக்கொண்டு, முடிந்தால் அந்தப் பக்கத்தைப் போனில் படம் எடுக்கட்டும். "வீட்டுக்குப் போய் நிதானமா எழுதிக்கிறேன்" என்று செயலர் சொன்னால், பரவாயில்லை, நாங்கள் இருக்கிறோம் என்று உட்கார்ந்துகொள்ளுங்கள். குழுவாக வந்தது இந்த நேரத்துக்காகத்தான்.

9. கூட்டம் முடிந்த பிறகு

ஒரு வாரத்தில் தீர்மான நகல் கேட்டு எழுதிக் கொடுங்கள். வரவில்லையென்றால் தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2005-இன் கீழ் விண்ணப்பியுங்கள். கட்டணம் 10 ரூபாய். நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டினால் போதும். 30 நாளில் பதில் வர வேண்டும். "அக்டோபர் 2 கிராம சபையின் தீர்மானங்கள், வருகைப் பதிவேடு நகல்" என்று பதிவேட்டின் பெயரைச் சொல்லிக் கேளுங்கள். "ஏன் விளக்குப் போடவில்லை?" என்று கேட்டால் அது தகவல் ஆகாது என்று தள்ளிவிடுவார்கள்.

கிராம சபை தீர்மானம் போட்டதும் மறுநாளே பணம் எடுத்துவிட முடியாது என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். ஊராட்சி மன்றம் தனியாகக் கூடிச் செலவுக்கு ஒப்புதல் தர வேண்டும். பெரிய வேலையென்றால் ஒன்றியப் பொறியாளர் மதிப்பீடு போட்டு, நிர்வாக அனுமதி வர வேண்டும். உங்கள் வார்டு மெம்பரிடம் "மன்றக் கூட்டத்துல நம்ம பொருள் வந்துச்சா?" என்று கேட்டுக்கொண்டே இருங்கள். பல கோரிக்கைகள் இந்த இடைவெளியில்தான் காணாமல் போகின்றன.

நகல் கிடைத்ததும் ஒரு பிரதியை ஒன்றிய அலுவலகத்தில் கொடுங்கள். அங்கே இரண்டு பி.டி.ஓ.க்கள் (வட்டார வளர்ச்சி அலுவலர்கள்) இருப்பார்கள். நமக்கு வேண்டியவர் "கிராம ஊராட்சி" பி.டி.ஓ.; "வட்டார ஊராட்சி" என்ற பலகை உள்ள அறையில் கொடுத்தால் தாள் சுற்றிக்கொண்டே இருக்கும். அப்படியும் அசையாவிட்டால் திங்கள்கிழமை ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் மக்கள் குறைதீர்க்கும் கூட்டத்துக்குப் போகலாம். வெறும் மனுவோடு போகிறவர்களுக்கும் தீர்மான எண்ணோடு போகிறவர்களுக்கும் அங்கே கிடைக்கும் பதில் வேறு.

10. அடுத்த கிராம சபை

முதல் வேலையாக, முந்தைய தீர்மானங்கள் மீது எடுத்த நடவடிக்கையை வாசிக்கச் சொல்லுங்கள். விளக்கு வரவில்லையென்றால் காரணத்தையும் புதுத் தேதியையும் புத்தகத்தில் எழுத வையுங்கள். வந்துவிட்டால் "பணி முடிந்தது" என்பதும் பதிவாகட்டும்.

அதோடு படிவம் 30-இல் தெருவிளக்குச் செலவைப் பார்த்து, அதற்கான செலவுச் சீட்டைக் கேளுங்கள். எத்தனை விளக்குக்குப் பணம் எடுத்திருக்கிறார்கள், கம்பங்களில் எத்தனை எரிகிறது என்று உங்கள் நோட்டோடு ஒப்பிடுங்கள். ஆறு விளக்குக்குப் பன்னிரண்டு பில் இருந்தால், அடுத்த கூட்டத்துக்கான கோரிக்கையைத் தேடி நீங்கள் எங்கும் போக வேண்டியதில்லை.